எட்டு உப்பு மூட்டையும் அசையாத துலாக்கோலும்

கடலில் விளைந்த உப்பு மாட்டு முதுகில் ஏறி மலைக்கு நடந்துபோன காலம் ஒன்று இருந்தது. அந்தக் காலத்தில் உமையாள் என்று ஓர் உப்புக்காரி இருந்தாள். கதையில் ராஜா உண்டா என்று இப்போதே யாரும் கேட்க வேண்டாம். உண்டு. சின்ன ராஜாதான், உப்பில்லாமல் கூழ் இறங்காத ராஜா. பொறுத்திருங்கள், வருவார்.

உமையாளுக்கு நான்கு பொதிமாடுகள். மாட்டுக்கு இரண்டு மூட்டை, வலப்பக்கம் ஒன்று, இடப்பக்கம் ஒன்று. ஆக எட்டு மூட்டை. வருஷாவருஷம் வெயில்காலம் தொடங்கியதும் எட்டு மூட்டையும் தேனடைமலைக்குப் புறப்படும். மலையில் எல்லாம் விளையும், உப்பு மட்டும் விளையாது. அவள் ஊரில் உப்பு மட்டும் விளையும், வேறு ஒன்றும் விளையாது. உப்பைக் கொடுத்துத் தேனும் தினையும் கொண்டுவந்தால் அந்தத் தெரு முழுக்க அடுப்பு எரியும்.

அவள் புருஷன் சேந்தன். நல்லவன், உழைப்பாளி, எதற்கும் சிரிப்பான். ஒரே ஒரு குறை. பொறுமை என்பது அவனிடம் மருந்துக்கும் கிடையாது.

பொதி ஏற்றுவதை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள், சொல்கிறேன். மாட்டுக்கு இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர் நிற்க வேண்டும். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மூட்டையைத் தூக்கி வைக்க வேண்டும். ஒருவர் முந்திக்கொண்டால் பொதி சரியும், மாடு மிரளும், உப்பு மண்ணில் கொட்டும். அதற்காகத்தான் உமையாள் எண்ணுவாள்: ஒன்று, இரண்டு, மூன்று. சேந்தன் இரண்டிலேயே தூக்கிவிடுவான்.

"மூணுன்னு ஒண்ணு இருக்குய்யா" என்பாள் உமையாள், சரிந்த மூட்டையைத் தோளில் தாங்கிக்கொண்டு.

"மூணு வரைக்கும் யாரு காத்துக்கிட்டு நிக்கிறது" என்பான் சேந்தன்.

பொதி ஒரு பக்கம் சாய்ந்தே போனால் உப்புக்காரர்களிடம் ஒரு வழி உண்டு. மறுபக்கத்தில் ஒரு கல்லைச் சொருகிவிடுவார்கள். அதுவும் சாய்ந்தால் இந்தப் பக்கம் ஒரு கல். பாவம், மாடு காதவழி தூரம் வெறுங்கல்லைச் சுமந்துகொண்டு போகும். இறக்கினாலும் சரியாகும் என்று அந்தக் கூட்டத்தில் ஒருத்தருக்கும் தோன்றியதில்லை. சிரிக்காதீர்கள். நீங்களும் நானும் எத்தனை கல்லைச் சுமக்கிறோமோ, யார் கண்டது.

தேனடைமலையில் அம்மன் கல் என்று உண்டு. உள்ளங்கை கொள்ளாத அளவு இருக்கும், எல்லாக் கல்லும் ஒரே எடை. மூட்டைக்கு ஒன்பது அம்மன் கல் எடையுள்ள உப்பு என்பது பழைய தலைவர் பேசிவைத்த பேச்சு. ஒன்பது கல்லை உமையாளிடமே கொடுத்தும் வைத்திருந்தார். அவள் தன் வீட்டில் கல்லுக்குக் கல் நிறுத்து, மூட்டை வாயைத் தைத்து, மெழுகு முத்திரை வைத்து அனுப்புவாள். மலை உச்சியில் இருக்கும் முகட்டம்மனுக்குத்தான் அந்த உப்பு, அவள் திருவிழா அன்றுதான் முத்திரை உடையும். அதற்குமுன் உடைத்தால் அது அம்மனுக்கு ஆகாத உப்பு. பழைய தலைவர் ஒருநாளும் நிறுத்துப் பார்த்ததில்லை. உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்கிற ஆள்.

அந்த வருஷம் பெரியவர் போய்ச் சேர்ந்துவிட்டார். மகன் நெடுங்கோடன் தலைவன் ஆனான். இவன்தான் நான் சொன்ன ராஜா. கெட்டவன் இல்லை. புதிதாக உட்கார்ந்த நாற்காலி சூடாக இருக்கும் அல்லவா, அவ்வளவுதான்.

மலை வாசலில் காவல்காரன் மூட்டையைத் தட்டிப் பார்த்தான். "என்னய்யா, தொளதொளன்னு இருக்கு?" என்றான்.

புதுச் சாக்கு, அதனால் தொளதொளப்பு. அதைச் சொல்லியிருக்கலாம். சேந்தன் என்ன சொன்னான் தெரியுமா? "வழியெல்லாம் மாடும் நானும் நக்கிக்கிட்டே வந்தோம்" என்று சொல்லிச் சிரித்தான்.

காவல்காரன் சிரிக்கவில்லை. நேரே தலைவனிடம் போய்ச் சொன்னான். நெடுங்கோடனும் சிரிக்கவில்லை. சேந்தனின் கையைக் கட்டி முகட்டம்மன் கோயில் வேங்கை மரத்தடியில் நிறுத்திவிட்டார்கள். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தவன் கதை.

அம்மன் உப்பில் கைவைத்தவன் மலையைவிட்டு இறங்கக் கூடாது. சாகும்வரை அங்கேயே கல் உடைக்க வேண்டும். அதுதான் மலைச் சட்டம். உமையாள் கட்டிய கையோடு நின்ற புருஷனைப் பார்த்தாள். அவனோடு சண்டை போடாத நாள் கிடையாது. அவன் இல்லாத வீடு எப்படி இருக்கும் என்று அன்றுவரை அவள் நினைத்துப் பார்த்ததும் கிடையாது.

"நிறுத்துப் பாருங்க தலைவரே" என்றாள். "நிறுத்து வெச்ச உப்பைத் திரும்ப நிறுத்தா பயம் என்ன?"

வேங்கை மரத்துக் கிளையில் அம்மனின் பெரிய துலாக்கோல் தொங்கியது. அந்தக் கோலுக்கு மூன்று விதி. அம்மன் உப்பு தரையில் படக் கூடாது. உப்பில்லாத தட்டு அம்மனுக்கு ஆகாது, இரண்டு தட்டிலும் உப்பு இருந்தே தீர வேண்டும். கல் ஏற்றியபின் கோல் நேரே நின்றதும் விளக்கு ஏற்றுவார்கள், விளக்கு எரியும்வரை கோல் அசையக் கூடாது. அசைத்தவர் பக்கம் பொய். விளக்கு அணைவதற்குள் தீர்ப்பு.

பூசாரி பூதன் முதலில் மூட்டைக்கு எதிரே மூட்டையை வைத்துப் பார்த்தார். எட்டும் ஒரே எடை.

"ஒரே மாதிரி திருடியிருக்கான்" என்றான் நெடுங்கோடன்.

பிறகு நான்கும் நான்குமாக வைத்தார். நேரே நின்றது. அதில் என்ன தெரியும்? பூசாரி ஒரு மூட்டையை இந்தத் தட்டிலிருந்து அந்தத் தட்டுக்கு மாற்றினார். இப்போது ஒரு பக்கம் ஐந்து மூட்டை, மறுபக்கம் மூன்று. ஐந்து இருந்த பக்கம் விசுக்கென்று தாழ்ந்தது. மூன்று இருந்த பக்கத்தில் மலைக்காரர்கள் ஆளுக்கொரு அம்மன் கல்லாக வைத்துக்கொண்டே போனார்கள். இருபது கல் ஏறிவிட்டது. இப்போது அந்தப் பக்கம் தாழ்ந்தது. இரண்டு கல்லை எடுத்தால் முடிந்தது. எடுத்தார்களா? அவர்களும் நம் உப்புக்காரர்களைப் போலத்தான். ஐந்து மூட்டைப் பக்கத்தில் இரண்டு கல்லை ஏற்றினார்கள்.

கோல் நேரே நின்றது. விளக்கை ஏற்றினார்கள்.

பூசாரி விரல் விட்டு எண்ணினார். "அஞ்சு மூட்டை. அதை நிறுத்தி வெச்சது இருபது கல். மூட்டைக்கு நாலு கல். பேச்சு ஒன்பது. பாதிக்குமேலே காணோம் தலைவரே."

"அந்தத் தட்டுலயும் மூணு மூட்டை இருக்கே சாமி" என்றாள் உமையாள்.

"இருக்கு தாயி. ஆனா அது எவ்வளவுன்னு நமக்குத் தெரியாது. தெரியாததை எப்படி எண்ணுவேன்?"

"இந்தப் பக்கம் ரெண்டு கல்லு இருக்கே?"

"ரெண்டுதானே, கிடக்கட்டும்" என்றார் பூசாரி.

கூட்டம் உச்சுக்கொட்டியது. பாதி உப்பைத் தின்றவன் என்று சேந்தனைப் பார்த்து முகம் சுளித்தது.

"என் கையை நெருப்புல வைக்கிறேன்" என்றான் சேந்தன்.

"நெருப்பு உப்பை நிறுக்காது" என்றான் நெடுங்கோடன்.

உமையாளோடு மாடு ஓட்டிவந்த மருதி என்பவள் மெல்லச் சொன்னாள், "இன்னும் நாலு கல்லை ஏத்திப் பாப்போமாக்கா?"

"ஏத்தினா கோல் அசையும்டி. அசைஞ்சா நாம பொய்."

சேந்தனுக்கு அதற்குள் பொறுக்கவில்லை. கட்டிய கையோடு பாய்ந்து மூன்று மூட்டைப் பக்கம் போனான். "இதைத் தள்ளிட்டா வெறும் கல்லு தெரிஞ்சிடும்" என்று தோளைக் கொடுத்தான். உமையாள் அவன் வேட்டியைப் பிடித்து இழுத்திராவிட்டால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்று சும்மாவா சொன்னார்கள்?

"நில்லுய்யா" என்றாள். "ஒரு பக்கம் மட்டும் எடுத்தா எந்த மாடுதான் நிக்கும்?"

தான் சொன்னது தன் காதிலேயே விழுந்தது. ஒரு பக்கம் எடுத்தால் மாடு நிற்காது. சரி. இரண்டு பக்கமும் ஒரே அளவு, ஒரே நேரத்தில் எடுத்தால்?

மறுபடி துலாக்கோலைப் பார்த்தாள். இப்போது அது அவளுக்குக் கோலாகத் தெரியவில்லை, பொதி ஏற்றிய மாடாகத் தெரிந்தது. அந்த மாடு இரண்டு பக்கமும் வேண்டாத சுமையைச் சுமந்துகொண்டு நின்றது. இந்தப் பக்கம் இரண்டு கல், அந்தப் பக்கமும் அதே இரண்டு கல். இந்தப் பக்கம் மூட்டை, அந்தப் பக்கமும் மூட்டை. அவள் பயம் போன இடம் தெரியவில்லை.

"தலைவரே, விளக்கு அணையிறதுக்குள்ளே அம்மன் கோலையே பேச வைக்கிறேன்" என்றாள். "கோல் ஒரு நெல்லளவு அசைஞ்சா இவரோட நானும் இங்கேயே கல் உடைக்கிறேன். ஒண்ணே ஒண்ணு. இவர் கட்டை அவிழ்த்துவிடுங்க. பொதி இறக்க ரெண்டு பேர் வேணும்."

"என் ஆள் ஒருத்தனைக் கூப்பிட்டுக்கோ."

"என் எண்ணிக்கைக்குப் பழகினது இவர் கைதான்."

பழகின கையாம். இரண்டிலேயே தூக்கும் கை. உமையாளுக்கு அது தெரியாதா? நன்றாகத் தெரியும். ஆனாலும் தொங்குவது அவன் வாழ்வு, அதை இறக்குவதும் அவன் கையாகவே இருக்கட்டும் என்று நினைத்தாள்.

கட்டை அவிழ்த்தார்கள். சேந்தன் ஐந்து மூட்டைப் பக்கம் நின்றான். உமையாள் மூன்று மூட்டைப் பக்கம் நின்றாள். ஒரு மாட்டைக் கொண்டுவந்து பக்கத்தில் நிறுத்தச் சொன்னாள்.

"முதல்ல கல்லு. நீ ரெண்டு, நான் ரெண்டு. என் கண்ணைப் பாருய்யா. மூணுன்னு ஒண்ணு இருக்கு."

சேந்தன் தலையாட்டினான். அவனுக்கு வியர்த்து ஊற்றியது.

"ஒன்று" என்றாள். "இரண்டு" என்றாள். சேந்தனின் விரல் கல்லில் துடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டான். "மூன்று."

இந்தப் பக்கம் இரண்டு, அந்தப் பக்கம் இரண்டு. கோல் அசையவில்லை.

இப்போது ஒரு பக்கம் ஐந்து மூட்டை மட்டும். மறுபக்கம் மூன்று மூட்டையும் பதினெட்டுக் கல்லும்.

"அடுத்து மூட்டை. நீ ஒண்ணு, நான் ஒண்ணு."

ஒன்று, இரண்டு, மூன்று. இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. கோல் அசையவில்லை. மூட்டை தரையில் படவில்லை, நேரே மாட்டின் முதுகுக்குப் போயிற்று. வலப்பக்கம் ஒன்று, இடப்பக்கம் ஒன்று, மாடும் அசையவில்லை.

இப்போது நான்கு மூட்டை ஒரு பக்கம். இரண்டு மூட்டையும் பதினெட்டுக் கல்லும் மறுபக்கம். விளக்கில் எண்ணெய் திரியின் அடிக்கு வந்திருந்தது. அடுத்த மாட்டைக் கொண்டுவந்தார்கள்.

ஒன்று, இரண்டு. சேந்தன் கண்ணை இறுக மூடிக்கொண்டு காத்தான். மூன்று. இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. கோல் அசையவில்லை.

இப்போது மூன்று மூட்டை ஒரு பக்கம். ஒரே ஒரு மூட்டையும் பதினெட்டுக் கல்லும் மறுபக்கம்.

சேந்தனுக்கு உற்சாகம் வந்துவிட்டது. அடுத்த மூட்டையில் கை வைத்தான்.

"கையை எடுய்யா" என்றாள் உமையாள். "இதையும் எடுத்தா இந்தத் தட்டுல உப்பு இருக்காது. அம்மனுக்கு ஆகாது."

நெடுங்கோடன் முன்னால் சாய்ந்தான். "மாட்டிக்கிட்டியா? இவ்வளவு இறக்கியும் அந்த ஒரு மூட்டை மறைஞ்சேதானே நிக்குது. அது எவ்வளவுன்னு தெரியாம எப்படிக் கணக்குச் சொல்லுவே?"

"அது எவ்வளவா இருந்தா என்ன தலைவரே?" என்றாள் உமையாள். "இந்தப் பக்கமும் அதே போல ஒரு மூட்டை இருக்கு. மூட்டைக்கு மூட்டை ஒரே எடைன்னு பூசாரி சாமியே பார்த்துட்டாங்க. கல்லு அளவு இருந்தா ரெண்டும் கல்லு அளவு, மலை அளவு இருந்தா ரெண்டும் மலை அளவு. இதுக்கு அது சரி. சம்பந்தி ரெண்டு பேரும் எதிரெதிரே உக்காந்து பேசிக்கிட்டு இருக்கட்டும், நாம ஏன் எழுப்பணும்? அதுங்களை விட்டுட்டு மிச்சத்தைப் பாருங்க. இந்தப் பக்கம் ரெண்டு மூட்டை. அந்தப் பக்கம் பதினெட்டுக் கல்லு. கோல் நேரா நிக்குது."

நெடுங்கோடன் பார்த்தான். இரண்டு தட்டையும் மாறி மாறிப் பார்த்தான்.

"ரெண்டு மூட்டைக்குப் பதினெட்டு" என்றான் மெல்ல. "அப்படின்னா ஒரு மூட்டைக்கு ஒன்பது."

"பேச்சும் ஒன்பதுதான்" என்றாள் உமையாள்.

அத்தோடு விட்டிருந்தால் கூட்டம் கைதட்டிவிட்டுப் போயிருக்கும். உமையாள் விடவில்லை. கெட்டிக்காரி தன் விடையைத் தானே ஒருமுறை உரசிப் பார்ப்பாள்.

"இறக்கினதை எல்லாம் மனசுக்குள்ளே திரும்ப ஏத்திப் பாருங்க. அஞ்சு மூட்டை, மூட்டைக்கு ஒன்பது, நாற்பத்தஞ்சு. கூட ரெண்டு கல்லு. நாற்பத்தேழு. அந்தப் பக்கம் மூணு மூட்டை, இருபத்தேழு. கூட இருபது கல்லு. அதுவும் நாற்பத்தேழு. இப்போ பூசாரி சாமி சொன்ன நாலை வெச்சுப் பாருங்க. அஞ்சு மூட்டை இருபது, ரெண்டு கல்லோட இருபத்திரண்டு. மூணு மூட்டை பன்னிரண்டு, இருபது கல்லோட முப்பத்திரண்டு. நாலா இருந்திருந்தா கோல் நேரே நின்னிருக்குமா? விளக்குத்தான் ஏத்தியிருப்பீங்களா?"

நெடுங்கோடன் ஒரு தடவை தன் விரலில் எண்ணினான். இன்னொரு தடவை பூசாரியின் விரலிலும் எண்ணினான். இரண்டு தடவையும் நாற்பத்தேழுக்கு நாற்பத்தேழு. அப்போதுதான் விளக்கு அணைந்தது.

பூசாரி பூதன் உமையாளின் முன்னால் வந்து நின்றார். "எண்ண முடிஞ்சதை மட்டும் எண்ணினேன் தாயி. எண்ண முடியாததை இல்லைன்னே நினைச்சுட்டேன். ஒரு ஆளை ஆயுசுக்கும் இங்கே கட்டிப்போட்டிருப்பேன்" என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. உமையாளுக்கு அவர்மேல் இருந்த கோபம் அதோடு போயிற்று.

நெடுங்கோடன் எழுந்து வந்து சேந்தனின் தோளில் கை வைத்தான். "தப்பு என் பேர்ல. ஆனா ஒண்ணு கேக்கணும். வழியெல்லாம் உப்பை நக்கிக்கிட்டு வந்தேன்னு சொன்னியாமே?"

சேந்தன் வாயைத் திறந்தான். உமையாளைப் பார்த்தான். வாயை மூடிக்கொண்டான். அவன் வாழ்நாளில் விழுங்கிய முதல் வேடிக்கைப் பேச்சு அதுதான்.

"அடுத்த வருஷமும் நிறுப்பேன்" என்றான் நெடுங்கோடன் உமையாளிடம். "ஆனா ஏத்தத் தெரிஞ்ச மாதிரி இறக்கவும் தெரிஞ்சவனா நிறுப்பேன்."

"நிறுங்க தலைவரே. நிறுத்து வாங்கினாத்தான் எனக்கும் மரியாதை" என்றாள் அவள்.

திருவிழா முடிந்து, தேன் குடங்களையும் தினை மூட்டைகளையும் வாங்கிக்கொண்டு, அவர்கள் மலையை விட்டுப் புறப்பட்டார்கள். புறப்படும் முன் உமையாள் நான்கு மாட்டுப் பொதியையும் அவிழ்த்து, இந்தப் பக்கம் சொருகிய கல்லையும் அந்தப் பக்கம் சொருகிய கல்லையும் சேர்த்தே எடுத்து வீசினாள். வருஷக்கணக்காகச் சும்மா சுமந்த கற்கள். மாடுகள் உடம்பைச் சிலிர்த்துக்கொண்டன.

கடைசி மாட்டுக்கு இரண்டு தேன் குடம். இந்தப் பக்கம் சேந்தன், அந்தப் பக்கம் உமையாள்.

"ஒன்று" என்றாள் உமையாள். "இரண்டு" என்றாள்.

அதோடு நிறுத்திக்கொண்டாள். மாட்டின் முதுகுக்கு மேலாக அவனையே பார்த்தாள். சேந்தன் குடத்தைப் பிடித்தபடி குனிந்தே நின்றான். ஈ ஒன்று மூக்கில் உட்கார்ந்தது, அசையவில்லை. முதுகு வலித்திருக்கும், அசையவில்லை. மருதி சிரிப்பை அடக்க முடியாமல் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

"உமையா" என்றான் கடைசியில், பாவமாக. "மூணு சொல்லேன்."

உமையாளுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. இவனை அந்த மலையில் விட்டுவிட்டு வெறும் மாட்டோடு இறங்கியிருந்தால் என்று ஒரு கணம் நினைத்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"மூணு" என்றாள்.

இரண்டு குடமும் ஒரே நேரத்தில் ஏறின, ஒரு சொட்டுத் தேன் சிந்தவில்லை.

கேட்டீர்களா? தெரியாத ஒன்று இரண்டு பக்கமும் கலந்து நிற்கும்போது, பதறாமல் ஒரு பக்கம் செய்வதையே மறுபக்கமும் செய்கிறவருக்குத்தான் மறைந்திருக்கும் உண்மை தன் எடையைச் சொல்லும்.